கூம்பு, மூடி, இரண்டு கம்பி: ஹயோலித்தை எந்தக் கிளையில் வைப்பது? முழுமையான வழிகாட்டி

போன மாசியில் அண்ணன் மகள் இரண்டு தடிப் புத்தகங்களைத் தூக்கிக்கொண்டு பாளையங்கோட்டை வீட்டுக்கு வந்தாள். விலங்கியல் முதுகலை, முதலாண்டு. செருப்பைக் கழற்றும்போதே ஆரம்பித்துவிட்டாள். “சித்தப்பா, ஹயோலித்துன்னு ஒரு பிராணி. இந்தப் புஸ்தகம் அதை மெல்லுடலிங்குது. அது பிராக்கியோபாட் பக்கத்துல கொண்டு வைக்குது. பரீட்சையில நான் எதை எழுத?”

ஹயோலித் இன்று கல்லில் மட்டுமே கிடைக்கும், கூம்பு ஓடு கொண்ட பழைய கடல் விலங்கு. மெல்லுடலி என்றால் நத்தை, மட்டி, கணவாய்க் கூட்டம். பிராக்கியோபாட் இரண்டு ஓட்டோடு பார்க்க மட்டி போலத் தெரியும், ஆனால் மெல்லுடலி அல்லாத கடல் விலங்கு. அவள் கேட்டதும் எனக்குச் சிரிப்பு வந்தது. நான் படித்த கல்லூரியின் கண்ணாடிப் பெட்டியில் இதே பிராணியின் அச்சு ஒன்று இருந்தது. அதற்கு யாரோ ஒரு காலத்தில் ‘டெரோபாட்’ என்று சீட்டு ஒட்டியிருந்தார்கள். டெரோபாட் என்றால் சிறகு போன்ற காலால் நீந்தும் கடல் நத்தை. சீட்டை நம்பி நானும் அப்படியே எழுதினேன், மதிப்பெண்ணும் போட்டுவிட்டார்கள்! அந்தச் சீட்டு 19ஆம் நூற்றாண்டுக் கருத்து என்பது பல வருடம் கழித்துத்தான் எனக்குத் தெரிந்தது.

பிறகு மூன்று ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து, இப்படிப்பட்ட குழப்பக்காரக் கூட்டத்தை எப்படிப் பிரித்துப் பார்ப்பது என்று இருவரும் வரிசையாகச் செய்து பார்த்தோம். அதைத்தான் கீழே எழுதியிருக்கிறேன். ஹயோலித் இதில் மாதிரிக்கு எடுத்த பிராணிதான். வேறெந்தப் புரியாத புதைபடிவத்துக்கும் இதே வழியில் போகலாம்.

ஆளை முதலில் பாருங்கள்

கடலை மடித்துத் தரும் காகிதக் கூம்பை நினைத்துக்கொள்ளுங்கள். அதன் ஒரு பக்கத்தைக் கொஞ்சம் தட்டையாக அழுத்திவிடுங்கள். நீளம் பெரும்பாலும் ஒன்றிரண்டு சென்டிமீட்டர், சிலவற்றில் அதைவிடச் சற்று அதிகம். கூம்பின் வாய்க்குப் பொருத்தமாக ஒரு மூடி. தட்டையான பக்கத்தின் விளிம்பு மட்டும் நாக்கு நீட்டியது போல முன்னால் நீண்டிருக்கும். மூடிக்கும் கூம்புக்கும் நடுவிலிருந்து இடமும் வலமுமாக இரண்டு வளைந்த கம்பிகள் வெளியே வரும். அந்தக் கம்பிக்கு ‘ஹெலன்’ என்று பெயர்.

இது ஒரு வரிசை, ஹயோலித்திடா. இன்னொரு வரிசை ஆர்த்தோதெசிடா. அதற்குக் கம்பி கிடையாது, நீட்டிய நாக்கும் இல்லை. மூடியைக் கூம்புக்குள்ளேயே இழுத்துக்கொள்ளும். இந்த இரண்டையும் முதலிலேயே தனித்தனியாக மனதில் வைத்துக்கொள்ள வேண்டும். ஒன்றில் கண்டதை மற்றொன்றுக்கும் சேர்த்து எழுதியதால் வந்த குழப்பம் கொஞ்சநஞ்சமல்ல.

கேம்ப்ரியன் காலத்தின் தொடக்கப் பகுதியில் தோன்றி, பெர்மியன் முடிவில், அதாவது ஏறத்தாழ 25.2 கோடி ஆண்டுகளுக்கு முன் அடியோடு மறைந்த கூட்டம் இது. இருபத்தைந்து கோடி ஆண்டுக்கும் மேலாகக் கடலில் குடியிருந்துவிட்டு, இன்றைக்கு ஒரு வாரிசுகூட இல்லாமல் போய்விட்டது. அதனால்தான் கேட்டுத் தெரிந்துகொள்ள ஆளில்லை.

முதல் படி: கல்லையும் காலத்தையும் கேளுங்கள்

கையில் கிடைத்தது எந்தப் பாறையிலிருந்து வந்தது என்று கேட்டாலே பாதி பேரைக் கழித்துவிடலாம். நம் திருநெல்வேலிச் சீமையில் மலையிலும் குவாரியிலும் கிடைப்பவை பெரும்பாலும் பூமிக்கு ஆழத்தில் வெந்து உருமாறிய கற்கள். தாழையூத்துச் சுண்ணாம்புக்கல் ஒரு காலத்தில் சாதாரணச் சுண்ணாம்புப் படிவுதான். வெப்பத்தில் வெந்து, படிகம் படிகமாக மாறிவிட்டது. உள்ளே ஏதாவது உயிர் இருந்திருந்தாலும் அதன் அடையாளம் மிஞ்சியிருக்காது. ஆகவே ‘குவாரியில் ஹயோலித் கிடைத்தது’ என்று யாராவது கொண்டு வந்தால், அது கனிமக் கோடாகத்தான் இருக்கும்.

அரியலூர், காரை பக்கம் போனால் அம்மோனைட்டுகள் என்ற சுருள் ஓட்டுப் புதைபடிவங்கள் கிடைக்கும். ஆனால் அவை கிரெட்டேசியக் காலத்தவை. ஹயோலித் மறைந்து பல கோடி ஆண்டுகள் ஆன பிறகுதான் அந்தக் கடல் அங்கே ஏறியது. அங்கே கூம்பு ஒன்று கிடைத்தால் வேறெதையாவது நினையுங்கள், கணவாய்க்கு உறவான பெலம்னைட்டையோ குழல் வடிவச் சிப்பியையோ. இந்தியாவுக்குள் ஹயோலித்தைத் தேடுவதானால் இமயமலைக்கு ஏற வேண்டும். முசூரிப் பக்கத்து தால் படிவுகளில் கேம்ப்ரியன் தொடக்கத்துச் சிறு ஓடுகளோடு இதுவும் கிடைக்கிறது.

இந்தப் படி அவ்வளவுதான்.

இரண்டாம் படி: பெயர் சொல்லாமல் வரையுங்கள்

இதைப் பலரும் தாண்டிவிடுகிறார்கள். அண்ணன் மகளும் அப்படித்தான். குறிப்பேட்டின் முதல் வரியிலேயே ‘ஓட்டின் பாதம் வெளியே வரும் வாய்’ என்று எழுதியிருந்தாள். “பாதத்தை நீ பார்த்தியா?” என்று கேட்டேன். பார்க்கவில்லை. நத்தை என்று மனதில் முடிவு கட்டிய பிறகு எழுதிய வரி அது.

குறிப்பில் வர வேண்டியவை: வடிவம், அளவு, கூம்பின் குறுக்குவெட்டு, வளர்ச்சிக் கோடுகள் எந்தப் பக்கம் போகின்றன, இடமும் வலமும் ஒன்றுக்கொன்று சமமா, மூடியின் உட்புறம் என்ன மேடு பள்ளம், தசை பிடித்திருந்த தழும்பு எங்கே. ‘முன்’, ‘பின்’, ‘மேல்’, ‘கீழ்’ என்பவற்றையும் கவனமாகப் போட வேண்டும். மேல் எது கீழ் எது என்று சொல்வதே ஒரு கருத்து. ஹயோலித்தின் தட்டைப் பக்கம் தரையில் படுத்திருந்தது என்று பெரும்பாலோர் எண்ணுகிறார்கள். சரி, ஆனால் குறிப்பேட்டில் ‘தட்டைப் பக்கம்’ என்று எழுதினால் போதும்.

படம் வரையத் தெரியாது என்று சொல்லாதீர்கள். கோணலாக வரைந்த படமும் கைபேசிப் புகைப்படத்தைவிட மேல். வரையும்போதுதான் கண் ஒவ்வொரு விளிம்பாக நகரும்.

மூன்றாம் படி: சிதறிய உறுப்புகளை ஒரே உடலில் சேர்க்க முடியுமா பாருங்கள்

இறந்த பிராணி கழன்று விழும். மூடி ஓர் இடத்தில் கிடக்கும், கம்பி இன்னோர் இடத்தில். தனியாகக் கிடைத்த ஹெலனைப் புதைபடிவ ஆய்வாளர் சார்ல்ஸ் வால்காட் தனி விலங்கு என்றே எண்ணி ‘ஹெலெனியா’ என்று பெயரிட்டிருந்தார். பிறகு அவரே 1909இல் கண்டுபிடித்த கனடாவின் பர்ஜஸ் ஷேல் பாறையில், கூம்பின் வாயோரம் ஒட்டியபடியே கம்பிகள் கிடைத்தன. தனி விலங்கு ஹயோலித்தின் கையாகவோ காலாகவோ மாறிவிட்டது.

இதைவிடப் பெரிய கூத்து அனோமலோகாரிஸ் என்ற கேம்ப்ரியன் கடல் விலங்கில் நடந்தது. அதன் முன்கையை 1892இல் இறால் மாதிரி ஒரு பிராணி என்று எழுதினார்கள். வட்ட வாய்க்கு ஜெல்லிமீன் என்று பெயர் வைத்தார்கள். 1985இல் விட்டிங்டனும் பிரிக்ஸும் இந்தத் துண்டுகளெல்லாம் ஒரே விலங்கின் உறுப்புகள் என்று காட்டினார்கள். கோனோடாண்டுகள் என்ற பல் போன்ற நுண்ணிய புதைபடிவங்களின் கதையும் இப்படித்தான். 1856இல் பாண்டர் அவற்றை மீனின் பல் என்று எழுதினார். பல்லுக்குச் சொந்தமான விலாங்கு போன்ற உடல் ஸ்காட்லாந்தின் கிரான்டன் பாறையில் கிடைத்து, 1983இல்தான் வெளியானது. நடுவில் கிட்டத்தட்ட 130 வருடம் அந்தப் பல்லை எத்தனையோ தொகுதிகளுக்கு மாற்றி மாற்றி வைத்துப் பார்த்திருக்கிறார்கள்.

ஆகவே உங்களிடம் இருப்பது முழு விலங்கா, ஒரு துண்டா என்று நேர்மையாக எழுதிவிடுங்கள்.

நான்காம் படி: உவரிக் கடற்கரைக்குப் போங்கள்

இந்தப் படிக்குத்தான் ஒரு ஞாயிறு முழுக்கப் போனது. காலை ஐந்தரைக்குக் கிளம்பி உவரிக்குப் போய், வள்ளங்கள் கரையேறும் இடத்தில் கைப்பை நிறையக் கரையொதுங்கியவற்றைப் பொறுக்கி வந்தோம். (பவளத் துண்டைத் தொடாதீர்கள். வனவிலங்குச் சட்டம் அதைத் தடுக்கிறது.) திரும்பி வந்து முற்றத்தில் தாளை விரித்துக் கொட்டினோம்.

முதலில் கையில் எடுத்தது வெள்ளையாக, லேசாக, ஓட்டைக் கட்டை மாதிரி இருந்த ஒரு பொருள். நாட்டு மருந்துக் கடையில் இதற்குப் பெயர் கடல்நுரை. நுரை உறைந்ததால் வந்தது போலத்தான் தோன்றும். உண்மையில் அது கணவாயின் முதுகுக்குள் இருக்கும் ஓடு. நத்தைக்கு வெளியே இருக்கும் ஓடு கணவாய்க்கு உள்ளே போய்விட்டது. தோற்றத்தை வைத்துப் பெயரிட்டால் எங்கே போய் நிற்போம் என்பதற்கு நம் ஊர் மருந்துக் கடையே சாட்சி.

அடுத்து சங்குத் துண்டு ஒன்று. வலம்புரிச் சங்கைப் பற்றி அவள் கேட்டாள். கோயிலில் வைத்துப் பூசை செய்யும் வலம்புரி மிக அபூர்வம், விலையும் அதிகம். ஆனால் அது தனி இனம் அல்ல. சாதாரணச் சங்கின் அதே சிற்றினத்தில் ஓட்டின் சுற்று மட்டும் திசை மாறியது. (இதில் ஒரு வேடிக்கை: விலங்கியலார் அதை இடப்பக்கம் சுற்றியது என்பார்கள், நாம் வலம்புரி என்போம். எந்த முனையிலிருந்து பார்க்கிறோம் என்பதுதான் வேறுபாடு.) அபூர்வமாக இருப்பதாலேயே ஒரு பண்பு வகைப்பாட்டுக்கு உதவும் என்று சொல்ல முடியாது. கண்ணைப் பறிக்கும் பண்பு ஒன்றுக்கும் உதவாமல் போகலாம்.

மூன்றாவது கொட்டலசு, வள்ளத்தின் அடியில் ஒட்டிக்கொண்டு காலைக் கீறுமே, அதுதான். சுண்ணாம்பு ஓடு, அசையாத வாழ்க்கை, மேலே கதவு. 19ஆம் நூற்றாண்டின் தொடக்கம் வரை பெரிய பெரிய ஆட்கள் இதை மெல்லுடலியாகத்தான் வைத்திருந்தார்கள். 1830இல் வான் தாம்சன் அதன் குஞ்சுகளைக் கவனித்தார். அவை இறாலின் குஞ்சு போலவே நீந்தின. அன்றோடு கொட்டலசு இறாலுக்கும் நண்டுக்கும் உறவாகிவிட்டது.

கடைசியாகத்தான் எங்களுக்குத் தேவையானது கிடைத்தது. பழைய சங்கு ஒன்றின் மேல் வெள்ளையாகச் சுருண்டு ஒட்டியிருந்த சுண்ணாம்புக் குழல்கள். செர்ப்புலிட் என்னும் குழல்புழுவின் வீடு அது. உயிரோடு இருக்கும்போது கடல் தண்ணீரில் வைத்தால், குழலின் வாயிலிருந்து இறகு விரித்தது போல உணர்கொம்புகள் வெளியே வரும். தொட்டால் சரேலென்று உள்ளே இழுத்துக்கொண்டு சிறு மூடியால் வாயை அடைத்துவிடும்.

“இப்பக் கணக்கு போடு” என்றேன். சுண்ணாம்புக் குழல், இருக்கிறது. மூடி, இருக்கிறது. உணர்கொம்புக் கொத்து, அதுவும் இருக்கிறது. (ஹயோலித்தின் வாயருகிலும் உணர்கொம்புகள் உண்டு, ஏழாம் படியில் வரும்.) ஹயோலித்துக்கு உள்ள இந்த மூன்றும் புழுவிடமும் இருக்கின்றன. அப்படியானால் ஹயோலித்தும் புழுதானா?

அவள் முகம் மாறியது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது.

இங்கேதான் பள்ளியில் படித்த ‘அமைப்பு ஒத்த உறுப்பு’, ‘செயல் ஒத்த உறுப்பு’ என்ற இரண்டு சொற்களும் வேலைக்கு வருகின்றன. மூடியை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். நத்தையின் மூடி அதன் பாதத்தின் மேல் உருவாகிறது. குழல்புழுவின் மூடி, உணர்கொம்புகளில் ஒன்றே தடித்து மாறியது. ஹயோலித்தின் மூடி இந்த இரண்டைப் போலவும் இல்லை. வளர்ச்சிக் கோடுகளோடு ஓடாகவே வளர்ந்திருக்கிறது, உட்புறம் தசை பிடிக்கும் மேடுகள் இருக்கின்றன, கூம்போடு பொருந்தும் விளிம்பு இருக்கிறது. மூன்று வீட்டிலும் கதவு இருக்கிறது. ஒன்று தேக்கு, ஒன்று தகரம், ஒன்று கோணித் திரை. கதவு இருப்பதால் மூன்று வீடும் ஒரே கொத்தனார் கட்டியது என்று சொல்ல முடியுமா?

ஒவ்வொரு பண்புக்கும் மூன்று கேள்வி கேட்க வேண்டும். அது உடலின் எந்த இடத்தில் இருக்கிறது? எப்படி உருவாகிறது? நுணுக்கமாகப் பார்த்தால் ஒரே கட்டுமானமா? மூன்றுக்கும் ஒத்துவந்தால் மட்டுமே உறவுக்குச் சான்றாக எடுக்கலாம்.

ஐந்தாம் படி: ஒருவாசல் வீட்டின் குடல்

ஓட்டைத் தாண்டி உள்ளுறுப்பு கிடைத்தால் அதிர்ஷ்டம். சில ஹயோலித்துகளில் குடலின் தடம் மண் நிரம்பிப் பதிந்திருக்கிறது. வாயில் தொடங்கி உள்ளே போய், மடங்கித் திரும்பி வாய்க்கருகிலேயே முடிகிறது. ஆர்த்தோதெசிடில் அது நெளிந்து நெளிந்து போகிறது. இந்த மடிந்த குடலைக் கண்டுதான் சிலர் நிலக்கடலைப் புழு எனப்படும் சிபன்குலிடோடு உறவு சொன்னார்கள். 1975இல் ரன்னகரும் கூட இருந்தவர்களும் ஹயோலித்தா என்று தனித் தொகுதியே கேட்டார்கள். அடுத்த வருடமே மாரெக்கும் யோகெல்சனும் இல்லை, மெல்லுடலிதான் என்று எழுதினார்கள்.

என் கருத்து: மடிந்த குடலுக்கு அவ்வளவு மதிப்புக் கொடுக்கக் கூடாது. ஒருவாசல் வீட்டில் குடியிருப்பவர் குப்பையையும் அதே வாசல் வழியாகத்தான் வெளியே கொண்டு போக வேண்டும். கூர்முனை அடைத்த கூம்புக்குள் வாழும் எந்த விலங்கும் குடலை மடக்கித்தான் ஆக வேண்டும். அந்த ஒற்றுமைக்கு வீட்டின் அமைப்பே போதிய காரணம், உறவைக் கொண்டுவரத் தேவையில்லை.

உள்ளுறுப்பைப் படிக்கும்போது அழுகலையும் கணக்கில் எடுக்க வேண்டும். நாங்கள் மொட்டை மாடியில் ஒரு சின்னச் சோதனை செய்தோம். மூன்று பாட்டிலில் கடல் தண்ணீர், ஒவ்வொன்றிலும் ஓர் இறால். தினமும் காலையில் பார்த்துக் குறித்தோம். தலைப்பகுதி முதலில் கறுத்துக் குழைந்தது. சதை பிறகு கலங்கியது. கடைசிவரை நின்றது மேல் ஓடு மட்டும்தான். ஐந்தாம் நாள் பக்கத்து வீட்டு அண்ணாச்சி மேலே பார்த்து, “என்னவே, கருவாடு போடுதீயளா?” என்று கேட்டார். அதோடு முடித்துக்கொண்டோம்.

இதையே சோதனைச்சாலையில் முறையாகச் செய்து, 2010இல் சான்சம், காபட், பர்னெல் மூவரும் ஒரு முக்கியமான விஷயத்தைக் காட்டினார்கள். மீன் போன்ற சிறு கடல் பிராணியான ஆம்பியாக்ஸஸும், தாடையில்லாத லாம்ப்ரே மீனும் அழுகும்போது, அந்தந்தக் கூட்டத்துக்கே உரிய தனி அடையாளங்கள் முதலில் அழிகின்றன. பழைய, பொதுவான அடையாளங்கள் பிந்தி அழிகின்றன. ஆகவே பாதி அழுகிய பிராணி உண்மையில் இருப்பதைவிடப் பழமையான, எளிய விலங்கு போலத் தெரியும். கல்லில் இல்லாத உறுப்பெல்லாம் உடலிலும் இல்லாத உறுப்பு என்று அவசரப்படக் கூடாது.

ஆறாம் படி: அட்டவணையில் 0, 1, கேள்விக்குறி

இனி தாளில் கட்டம் போடுங்கள். இடப்பக்கம் விலங்குகள்: நத்தை, மட்டி, பிராக்கியோபாட், குழல்புழு, ஹயோலித். இவற்றுக்குச் சற்றுத் தள்ளிய உறவு ஒன்றையும் ஒப்பீட்டுக்காகச் சேர்க்க வேண்டும், தட்டைப்புழு போதும். மேலே பண்புகள். இருந்தால் 1, இல்லாவிட்டால் 0, தெரியாவிட்டால் கேள்விக்குறி, அந்தக் கேள்வியே பொருந்தாது என்றால் கோடு.

எல்லோருக்கும் 1 வரும் பண்பு உறவைக் காட்ட உதவாது. ஒருவருக்கு மட்டும் 1 வருவதும் அப்படித்தான். சிலருக்கு 1, சிலருக்கு 0 வரும் பண்புதான் கூட்டங்களைப் பிரிக்கும்.

கேள்விக்குறிக்கும் பூச்சியத்துக்கும் உள்ள தூரம்தான் முழு வேலையும். ராடுலாவை எடுத்துக்கொள்வோம். நத்தைகளின் வாயில் அரம் போல இருக்கும் நாக்கு அது. ஹயோலித்துக்கு ராடுலா கட்டத்தில் என்ன எழுதுவது? வெறும் ஓடு ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு 0 என்று எழுதினால் தப்பு, கேள்விக்குறிதான் போட வேண்டும். ஆனால் பர்ஜஸ் ஷேலில் விவாக்ஸியா, ஓடொன்டோகிரிஃபஸ் என்ற விலங்குகளின் வாயில் ராடுலா போன்ற பல் வரிசை பதிந்திருக்கிறது. அதே பாறையில் நூற்றுக்கணக்கான ஹயோலித்தின் மென்பகுதி பதிந்தும் பல் வரிசை தென்படவில்லை. அப்போது 0 என்று எழுதத் துணியலாம். துணிந்த பிறகும் நிதானம் வேண்டும். மட்டி வகை இருவோட்டுச் சிப்பிகளுக்கும் ராடுலா கிடையாது, அவை மெல்லுடலிதானே. ராடுலா இல்லை என்பதால் மட்டும் மெல்லுடலி வீட்டிலிருந்து யாரையும் வெளியேற்ற முடியாது.

உணர்கொம்பு வளையம் என்ற கட்டத்தில் குழல்புழுவுக்கு 1 போடுவதா? அவள் 1 போட்டாள், நான் அழித்து 0 போட்டேன், அவள் ஒத்துக்கொள்ளவில்லை. புழுவின் கொத்தும் பிராக்கியோபாடின் லோஃபோஃபோரும், அதாவது வாயைச் சுற்றி உணர்கொம்புகள் வரிசையாக நிற்கும் பட்டையும், அமைப்பில் வேறு என்பது என் வாதம். எந்த எண் போட்டாலும் அது நீங்கள் முன்வைக்கும் கருத்துதான். ஆகவே ஒவ்வொரு எண்ணுக்கும் ஓரத்தில் ஒரு வரிக் காரணம் எழுதி வையுங்கள்.

கட்டம் நிறைந்த பிறகு, மிகக் குறைந்த மாற்றங்களோடு எல்லோரையும் சேர்க்கும் கிளைப்படத்தைத் தேட வேண்டும். ஐந்தாறு விலங்குக்குக் கையாலேயே போட்டுவிடலாம். அதற்கு மேல் டிஎன்டி போன்ற இலவச மென்பொருள் இருக்கிறது. ஆனால் முதல் தடவை கையால் போடுங்கள். கணினி நீங்கள் போட்ட எண்ணைத்தான் கூட்டும், அந்த எண் சரியா என்று கேட்காது.

ஏழாம் படி: இரண்டு தரப்பையும் எதிரெதிரே உட்கார வையுங்கள்

2017இல் மோய்சியுக், ஸ்மித், கேரன் மூவரும் பர்ஜஸ் ஷேலின் ஹாப்லோஃப்ரென்டிஸ் என்ற ஹயோலித்தில் 1500க்கும் மேற்பட்ட மாதிரிகளைப் பார்த்து எழுதினார்கள். மோய்சியுக் அப்போது டொரான்டோவில் இளங்கலை மாணவர். அதைச் சொன்னதும் அண்ணன் மகள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். பறக்கும் கடற்காக்கையின் சிறகு போல விரிந்த ஒரு பட்டை, அதில் 12 முதல் 16 உணர்கொம்புகள், நடுவில் வாய். இதை லோஃபோஃபோர் என்றார்கள். கம்பிகள் ஊன்றுகோல் போலக் கூம்பின் வாயைச் சேற்றுக்கு மேலே தூக்கிப் பிடித்திருக்கும், உணர்கொம்புகள் தண்ணீரில் மிதப்பதை வடித்துத் தின்னும் என்பது அவர்கள் சித்திரம். அப்படியானால் கூம்பும் மூடியும் பிராக்கியோபாடின் இரண்டு ஓடுகளுக்குச் சமம். இதில் ஒரு பொருத்தமும் இருக்கிறது. மட்டியின் ஓடுகள் இடம் வலமாகப் பிரியும். பிராக்கியோபாடின் ஓடுகள் மேல் கீழாகப் பிரியும், ஒவ்வொன்றும் நடுக்கோட்டுக்கு இருபுறமும் சமம். ஹயோலித்தின் கூம்பும் மூடியும் அப்படித்தான்.

2018இல் சீனத்தின் செங்ஜியாங்கிலிருந்து பெடுன்குலோதெகா என்ற ஹயோலித் வந்தது. கூர்முனையில் பிராக்கியோபாடின் காம்பு போல ஒட்டிக்கொள்ளும் பகுதியோடு. அதுவரை எல்லாம் ஒரே பக்கம் சாய்ந்தது.

அதே 2018இல் ஆஸ்திரேலிய மாதிரிகளின் ஓட்டை நுண்ணோக்கியில் பார்த்தவர்கள், நார்க்கட்டுகள் அடுக்குக்கு அடுக்கு திசை மாறி ஒட்டுப்பலகை போல இருப்பதைக் கண்டார்கள். அந்தக் கட்டுமானம் மெல்லுடலிகளை நினைவூட்டுகிறது. ஹயோலித்தின் ஓடு அரகோனைட் என்ற சுண்ணாம்பு வகை. பிராக்கியோபாடின் ஓடு பெரும்பாலும் கால்சைட் என்ற இன்னொரு சுண்ணாம்பு வகை, அல்லது பாஸ்பேட். 2020இல் செங்ஜியாங்கின் ட்ரிப்ளிகடெல்லா என்ற ஆர்த்தோதெசிடை ஆராய்ந்தவர்கள், அதன் உணர்கொம்புகள் கொத்தாக இருக்கின்றன, லோஃபோஃபோரின் அமைப்பு இல்லை என்று மறுத்தார்கள். ஹயோலித்தை மெல்லுடலி, புழு, பிராக்கியோபாட் எல்லாம் சேர்ந்த லோஃபோட்ரோகோசோவா என்ற பெருங்கிளையின் அடிப்பகுதியில் வைக்கலாம் என்றார்கள்.

இரண்டு தரப்பும் பார்த்தது ஒரே வரிசையை அல்ல என்பதைக் கவனியுங்கள். 2017இன் விலங்கு ஹயோலித்திடா, 2020இன் விலங்கு ஆர்த்தோதெசிடா. நான் ஆரம்பத்திலேயே இரண்டையும் தனித்தனியாக வைக்கச் சொன்னது இதற்காகத்தான். எனக்குத் தனிப்பட்ட முறையில் 2017இன் உணர்கொம்புப் பட்டை வலுவாகப் படுகிறது, ஓட்டின் நார் அடுக்கு சங்கடப்படுத்துகிறது. ஓட்டுக் கட்டுமானம் தனித்தனிக் கூட்டங்களில் தனித்தனியே தோன்றக் கூடியது என்பதால் உணர்கொம்புப் பட்டைக்குக் கொஞ்சம் கூடுதல் எடை கொடுக்கிறேன்.

எட்டாம் படி: வீட்டுக்குள்ளா, திண்ணையிலா?

‘பிராக்கியோபாடுக்கு உறவு’ என்று சொல்வதும் ‘பிராக்கியோபாட்’ என்று சொல்வதும் வேறு. இதை நம் குடும்பக் கணக்கில் பார்க்கலாம். இன்றைக்கு உயிரோடிருக்கும் பேரன் பேத்திகள் அத்தனை பேருக்கும் பொதுவாக ஓர் ஆச்சி இருந்தாள். அவள் வழி வந்தவர்கள் எல்லாம் ஒரு கூட்டம், செத்தவர்களையும் சேர்த்துத்தான். இதைத் தலைக் கூட்டம் என்று வைத்துக்கொள்வோம். அந்த ஆச்சிக்கு ஓர் அக்கா. அவள் பிள்ளைகள் வாழ்ந்தார்கள், பெருகினார்கள், பிறகு அந்தக் கிளை பட்டுப்போனது. அவர்கள் அதே குடும்பம்தான், ஆனால் ஆச்சியின் வழி அல்ல. இது தண்டுக் கூட்டம். ஹயோலித் போன்ற புதிர்களில் பலவும் இப்படி ஏதோ ஒரு தண்டில்தான் போய் உட்காரும். அதனால்தான் ஆச்சி வழிக்குரிய அடையாளங்களில் சில இருக்கும், சில இருக்காது. பாதி அடையாளம் இருக்கிறதே என்று திகைக்க வேண்டியதில்லை.

புரியாத ஒவ்வொன்றுக்கும் புதுத் தொகுதி திறப்பதும் எனக்குப் பிடிக்காத பழக்கம். தனித் தொகுதி என்றால் ‘மற்றவர்களோடு என்ன உறவு’ என்ற கேள்வி அப்படியே கிடக்கும், பெயர் மட்டும் ஒன்று கூடியிருக்கும். ‘இடம் உறுதியாகாதது’ என்று வெளிப்படையாக எழுதும் வழக்கம் வகைப்பாட்டில் நெடுநாளாக இருக்கிறது. அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை.

கடைசியில் எழுதுவது எப்படி

தேர்வுத் தாளானாலும் காட்சிப் பெட்டிச் சீட்டானாலும் நான்கு விஷயம் வர வேண்டும்: எந்த அளவுக்கு உறுதி, எந்தப் பண்பை நம்பி, எதிர்ச் சான்று எது, எது கிடைத்தால் முடிவு மாறும். அண்ணன் மகள் எழுதியது இது, ஒரு சொல்லும் நான் மாற்றவில்லை:

“ஹயோலித்தா. கேம்ப்ரியன் முதல் பெர்மியன் வரை. லோஃபோட்ரோகோசோவா என்பது உறுதி. அதற்குள் பிராக்கியோபாடின் தண்டுக்கு அருகில் வைக்கிறேன். ஆதாரம் ஹாப்லோஃப்ரென்டிஸின் உணர்கொம்புப் பட்டை, மேல் கீழ் ஓடுகள். மாறாக நிற்பது அரகோனைட் ஓட்டின் நார் அடுக்கு, ட்ரிப்ளிகடெல்லாவின் கொத்து. ஆர்த்தோதெசிடில் உணர்கொம்பின் அடிப்பகுதி தெளிவாகப் பதிந்த மாதிரி கிடைத்தால் மறுபடி பார்க்க வேண்டும்.”

படித்துவிட்டுத் தாளைத் திருப்பிக் கொடுத்தேன். அவள் அதை மடித்துப் புத்தகத்துக்குள் வைத்துக்கொண்டே கேட்டாள்: “இதுக்கு எத்தனை மார்க்கு போடுவாங்க சித்தப்பா?”

“ரெண்டு” என்றேன். “போ, கை கழுவிட்டு வா, சாப்பாடு எடுத்து வச்சிருக்கு.”